சூட் ஞாக் தின்: சீரமைக்கப்பட்ட பிரதியில் கிறிஸ்டின் ஹகீம்

எரோஸ் ஜாரோட் இயக்கி 1988இல் வெளிவந்த 'சூட் ஞாக் தின்' திரைப்படத்தின் சீரமைக்கப்பட்ட பிரதி 2021 மே மாதம் இந்தோனேசியத் திரையரங்குகளுக்கு வந்தது. அந்தப் பிரதியைப் பெரிய திரையில் பார்க்கும் வாய்ப்பு அமைந்தால் தவறவிட வேண்டாம் என்று உறுதியாகச் சொல்வேன். அதற்கு முதல் காரணம் நாயகியாக நடித்த கிறிஸ்டின் ஹகீமின் முகம்.

1956இல் சுமத்ராவின் ஜாம்பி மாநிலத்திலுள்ள குவாலா துங்கலில் பிறந்த ஹகீம், கட்டடக் கலைஞராகவோ உளவியல் நிபுணராகவோ ஆக விரும்பியவர். இயக்குநர் தெகு கார்யா 1973இல் 'சிந்தா பெர்தாமா' படத்தில் அவரை அறிமுகப்படுத்தினார். அந்த முதல் படமே இந்தோனேசியாவின் உயரிய திரை விருதான சித்ராவை அவருக்குப் பெற்றுத் தந்தது. பதினைந்து ஆண்டுகளுக்குப் பின் வந்த இந்தப் படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான சித்ரா அவருக்கு ஆறாவது முறையாகக் கிடைத்தது.

சுமத்ராவின் வடமுனையிலுள்ள அச்சே பகுதி மக்கள் டச்சுக்காரர்களை எதிர்த்து நடத்திய அச்சே போரில், அவர்களின் தலைவர்களுள் ஒருவரான தெக்கு உமர் 1899இல் டச்சுப் படையால் கொல்லப்பட்ட பிறகு, அவருடைய மனைவி சூட் ஞாக் தின் (ஹகீம்) காட்டுக்குள் இருந்தபடி கொரில்லாப் படையை நடத்துகிறார். ஆண்டுகள் செல்லச் செல்ல அவருடைய கண்பார்வை மங்குகிறது, மூட்டுவலியால் நடையும் தளர்கிறது. அவர் படும் துன்பத்தைக் காணச் சகியாத தளபதி பாங் லாவோட், அவர் மறைந்திருக்கும் இடத்தை எதிரிக்குத் தெரிவித்துவிடுகிறார். இப்பகுதியில் ஹகீம் காட்டும் அடக்கம் வியக்க வைக்கிறது. கைகளால் துழாவியோ தடுமாறியோ அவர் பார்வையிழப்பை உணர்த்துவதில்லை. எதிரே நிற்பவரைச் சற்றுத் தாண்டிப் பார்வை நிலைகுத்தி நிற்க, குரலின் அதிகாரம் மட்டும் சிறிதும் குறையாமல் ஒலிக்கிறது. ஜார்ஜ் கமாருல்லா ஒளிப்பதிவு செய்த இரவுக் காட்சிகளும் மழைக் காட்சிகளும் தேய்ந்த பழைய பிரதிகளில் இருளோடு கலந்து போயிருந்தன. கன்னத்து ஈரமும் விழியின் மங்கலும் இப்போது தனித்தனியே தெரிவதால், இந்த நடிப்பின் நுட்பம் முழுமையாக வந்து சேர்கிறது.

குறை ஒன்றுண்டு. படத்தில் அச்சே மொழி, இந்தோனேசியம், டச்சு ஆகிய மூன்றும் பேசப்படுகின்றன. எந்த மொழி எங்கே மாறுகிறது என்பதை நான் பார்த்த பிரதியின் ஆங்கில வசன வரிகள் காட்டவில்லை. யார் யாரிடம் எந்த மொழியில் பேசுகிறார் என்பதும் போரின் ஒரு பகுதி என்பதால் இது சிறிய இழப்பன்று. கவிஞராக வரும் இப்ராஹிம் காதிர், அச்சேயின் மலைப்பகுதியில் வாழும் காயோ மக்களின் திடோங் பாடற்கலையில் உண்மையிலேயே தேர்ந்தவர் என்பதால், அவர் பாடும் இடங்களில் மொழி தெரியாமலே மனம் ஒன்றிவிடுகிறது.

1989இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில், 'விமர்சகர் வாரம்' என்ற பிரிவில் இப்படம் திரையிடப்பட்டது. 2002இல் அதே விழாவின் நடுவர் குழுவில் ஹகீம் அமர்ந்தார். 2023இல் வெளிவந்த 'தி லாஸ்ட் ஆஃப் அஸ்' என்ற அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரில் பூஞ்சையியல் பேராசிரியராகச் சில நிமிடங்களே தோன்றிய அவரைக் கண்டு வியந்தவர்கள், அடுத்ததாக இந்தப் படத்தைப் பார்க்கலாம். அச்சே போரைப் பற்றிச் சில பக்கங்களாவது படித்துவிட்டுச் செல்வது நல்லது. இல்லையேல் தொடக்கத்தில் வரும் பெயர்களும் படைப் பிரிவுகளும் குழப்பக்கூடும்.