பெரிய ஹாலா, வீட்டு ரூமா?
பாண்டிச்சேரில பாட்டு பண்ற பசங்க ரெக்கார்டிங்க சென்னை போய் பெரிய ஸ்டுடியோ ஹால்ல எடுக்கலாமா, இங்கயே வீட்ல எடுத்துடலாமானு கேட்டுட்டே இருக்காங்க.

அந்தக் காலத்துல ஹால் தவிர வழியே இல்ல, பாடறவங்க வாசிக்கறவங்க எல்லாரும் ஒண்ணா ஒரே டேக்ல முடிக்கணும், ஒருத்தர் தப்பு பண்ணா முதல்லேர்ந்து. அப்புறம் 24 டிராக் டேப், அதாவது ஒரே டேப்ல 24 தனி வரிசையா சத்தம் பதியறது, வந்து ஒவ்வொருத்தரையும் தனித்தனியா எடுக்க முடிஞ்சது, ஆனா நொடிக்கு 30 இன்ச் ஓட்டினா ஒரு ரீல் சுமார் 16 நிமிஷம்தான். பிறகு ஏ.ஆர்.ரஹ்மான் கோடம்பாக்கத்துல வீட்லயே பஞ்சதன்னு ஒரு ஸ்டுடியோ கட்டினாரு, எனக்கு அதுதான் பெரிய திருப்பம்.

குரல், கீபோர்டுனா வீடே போதும், மெத்தைய சுவத்துல சாய்ச்சா எக்கோ குறையும். பறை, தவில்னா ஹால்தான், சின்ன ரூம்ல சத்தம் சுவத்துல மோதி கலங்கிடும், அத அப்புறம் சரி பண்றது ரொம்ப கஷ்டம். பறை, தவில மட்டும் சென்னைல எடுங்க, மீதி பாண்டிலயே.