விபத்து இழப்பீடு: பிரிவு 164-ஆ, 166-ஆ?

சாலை விபத்தில் காயமடைந்தவருக்கு 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் இரண்டு வழிகளைத் தருகிறது. 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய பிரிவு 164-இன்படி, ஓட்டுநரின் கவனக்குறைவை நிரூபிக்காமலே, கொடுங்காயத்துக்கு (எலும்பு முறிவு போன்ற கடுமையான காயம்) 2.5 லட்சம் ரூபாயும் உயிரிழப்புக்கு 5 லட்சமும் பெறலாம். தொகை நிலையானது, சிறு காயங்களுக்கு இது பொருந்தாது.

பிரிவு 166-இல் கவனக்குறைவை நிரூபிக்க வேண்டும். ஆனால் உச்சவரம்பு இல்லை. மருத்துவச் செலவு, வலி, வருமான இழப்பு, எதிர்காலச் சிகிச்சை அனைத்தையும் தீர்ப்பாயம் கணக்கிடும். ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் (2011) உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியபடி, மருத்துவர் குறிக்கும் ஊன விழுக்காட்டை அப்படியே ஏற்காமல், அந்த ஊனம் காயமடைந்தவரின் தொழிலையும் சம்பாத்தியத்தையும் எவ்வளவு குறைக்கிறது என்பதே பார்க்கப்படும். கையை இழந்த தச்சரின் இழப்பும், அதே காயமுற்ற அலுவலக எழுத்தரின் இழப்பும் ஒன்றல்ல.

எலும்பு முறிந்து முழுமையாகக் குணமடைந்தவருக்கு, எதிர்த்தரப்பின் தவறைக் காட்டச் சாட்சியும் இல்லையென்றால், 164 போதுமானது. நிரந்தர ஊனம் ஏற்பட்டவர் 166-ஐ விட்டுவிடக் கூடாது என்பதே என் உறுதியான கருத்து. முக்கியமாக, காப்பீட்டு நிறுவனம் முன்வைக்கும் 164 தொகையை ஏற்றுக்கொண்டால், 166 மனு காலாவதியாகிவிடும்.