தியாகி பென்ஷன்: சிறைச் சான்றா, சக கைதி சான்றா?

சுதந்திரப் போராட்டத் தியாகிகளுக்கான மத்திய அரசின் பென்ஷன் 1972-ல் வந்தது, 1980-ல் விரிவாக்கினார்கள். அதற்கு ஆறு மாதச் சிறைவாசத்தைக் காட்ட வேண்டும். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் மூன்று மாதம் போதும். வீட்டில் தாமிரப் பட்டயம் இருக்கிறது, கதர்த் துண்டோடு போட்டோ இருக்கிறது என்பதெல்லாம் சரி, ஆனால் ஃபைல் நகர்வது சிறைக்காலக் கணக்கை வைத்துத்தான். அதற்கு மூன்று வழி உண்டு. சிறைப் பதிவேட்டிலிருந்து சான்று வாங்கலாம். பதிவேடே இல்லை என்று மாநில அரசிடம் எழுதி வாங்கி, கூடச் சிறையிருந்த இரண்டு பேரின் சான்றை இணைக்கலாம். அல்லது தலைமறைவாக இருந்தார் என்று காட்டலாம். சிறை போனவர் எங்கள் ஐயா, அதாவது அப்பாவின் அப்பா. அவர் மனைவியான எங்கள் அப்பத்தாவுக்காக நாங்கள் பிடித்தது இரண்டாவதை. இன்று யார் கேட்டாலும், பழைய காகிதம் ஏதாவது கையில் இருந்தால் அதைத்தான் சொல்வேன்.

முதல் வழியில் சான்று கிடைத்துவிட்டால் மேலே பேச்சே இல்லை. உள்ளே போன தேதி, வெளியே வந்த தேதி, தண்டனை எல்லாம் அதிலேயே இருக்கும். தண்டனையில் முடிந்த வழக்கு என்றால் விசாரணைக் கைதியாக இருந்த நாட்களும் சேரும், வழக்கமான தண்டனைக் குறைப்பில் ஒரு மாதம் வரை சிறையில் இருந்ததாகவே எடுத்துக்கொள்வார்கள். ஆறு மாதத்துக்குக் கொஞ்சம் குறைகிறதே என்று விட்டுவிடாதீர்கள். ஆனால் அந்தப் பதிவேடு கிடைக்க வேண்டுமே! 1942 'வெள்ளையனே வெளியேறு' போராட்டத்தில் பிடிபட்டவர்களைச் சென்னை மாகாணத்தில் எங்கே இடம் இருந்ததோ அங்கே அனுப்பினார்கள்: வேலூர், திருச்சி, கண்ணூர், பெல்லாரி பக்கம் அலிப்புரம். கண்ணூர் இப்போது கேரளம், பெல்லாரி 1953-லேயே மைசூர் மாநிலத்துக்கு, அதாவது இன்றைய கர்நாடகத்துக்குப் போய்விட்டது. தண்டனை கொடுத்த கீழ்க்கோர்ட்டில் பழைய காகிதத்தைத் தேடலாம் என்றால், எங்கள் தேவகோட்டையில் 1942 ஆகஸ்டில் எரிந்ததே கோர்ட்டுதான்.

அதனால்தான் இரண்டாவது வழி. இதில் எல்லோரும் சக கைதி சான்றுக்குத்தான் அலைகிறார்கள். அதுவும் லேசில்லை. சான்று தருபவர் தாமே குறைந்தது ஒரு வருடம் சிறையிருந்ததை நிரூபித்தவராக இருக்க வேண்டும். அவர் இந்நாள் அல்லது முன்னாள் எம்.பி., எம்.எல்.ஏ. என்றால் ஒருவரே போதும். இன்று உயிரோடு அப்படி ஒருவரைத் தேடுவது நடக்கிற காரியமில்லை, பழைய சான்றுதான் கதி. எங்களுக்கு அது ஐயாவின் மாநிலப் பென்ஷன் ஃபைலில், துருப்பிடித்த குண்டூசியோடு கிடைத்தது. அதில் சிறையின் பெயரும், எந்த மாதத்திலிருந்து எந்த மாதம் வரை ஒன்றாக இருந்தார்கள் என்பதும் எழுதியிருந்தது. அந்த வரி இல்லாமல் 'இவர் உண்மையான தேசபக்தர்' என்று மட்டும் இருந்தால் காகிதம் வீண்.

ஆனால் ஃபைலைத் தூக்கி நிறுத்துவதும் கவிழ்ப்பதும் மாநில அரசு தரும் அந்த 'பதிவேடு இல்லை' சான்றின் வாசகம்தான். இதை அழுத்திச் சொல்கிறேன். 'பதிவேட்டில் இவர் பெயர் காணப்படவில்லை' என்பது வேறு, 'அந்தக் காலத்துப் பதிவேடே இல்லை' என்பது வேறு. முதலாவது உங்களுக்கு எதிரான சாட்சி: பதிவேடு இருக்கிறது, அதில் ஆள் இல்லை என்று ஆகிவிடும், பிறகு சக கைதி சான்றைத் திறந்தே பார்க்க மாட்டார்கள். மத்திய அரசு எதிர்பார்ப்பது, சம்பந்தப்பட்ட ஆவணம் இருக்கக்கூடிய எல்லா அலுவலகங்களையும் கேட்டாயிற்று, அந்தக் காலத்து ஆவணங்கள் கிடைக்கவில்லை என்று மாநில அரசு உறுதியாகச் சொல்லும் வாசகம். எங்களுக்கு முதலில் ஓர் அலுவலகம் கொடுத்தது ஒற்றை வரிக் கடிதம், அதிலும் 'காணப்படவில்லை'தான். ஐயா இருந்தது அலிப்புரத்தில். இங்கே தேடினால் எப்படிக் காணும்? சிறை இன்று எந்த மாநிலத்தில் இருக்கிறதோ அங்கேயும் கேட்டு, அந்தப் பதிலையும் சேர்த்துத் திரும்ப எழுதி வாங்கினோம். மனுவிலேயே சிறை, வருடம், எந்தெந்த அலுவலகத்தில் தேட வேண்டும் என்று நீங்களே எழுதிக் கொடுத்துவிடுங்கள். இல்லையென்றால் பக்கத்து அலமாரியைப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுவார்கள்.

தலைமறைவு வழியில் எனக்கு நேரடி அனுபவம் கிடையாது, சொந்தக்காரர் ஒருவர் பட்டதைப் பார்த்ததோடு சரி. ஆறு மாதத்துக்கு மேல் ஒளிந்திருந்தார் என்றால் மட்டும் போதாது. தேடப்படும் குற்றவாளி என்று அறிவித்த உத்தரவு, தலைக்கு வைத்த பரிசு, பிறப்பித்தும் அவர் கையில் கொடுக்க முடியாமல் போன தடுப்புக் காவல் உத்தரவு என்று ஏதாவது வேண்டும். ஒளிந்திருந்தவர் வீட்டில் அந்தக் காகிதம் எப்படி இருக்கும்? சிறைக்கும் போனவர் என்றால் சிறைக்காலத்தையே பிடித்துக்கொள்ளுங்கள்.

காலம் கடந்துவிட்டதே என்று தயங்க வேண்டாம். முகுந்த் லால் பண்டாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் 1993-ல், தாமதமாக விண்ணப்பித்தார் என்பதற்காக மறுக்கக்கூடாது என்றது. ஆனால் பணம் விண்ணப்பித்த தேதியிலிருந்துதான். குர்தியால் சிங் வழக்கில் 2001-ல், கிரிமினல் கேஸ் மாதிரி சந்தேகத்துக்கு இடமில்லாத நிரூபணம் கேட்காதீர்கள், நடந்திருக்க வாய்ப்பு இருக்கிறதா என்று பாருங்கள் என்றது. நாங்கள் கோர்ட் வரை போகவில்லை, அதனால் அங்கே எவ்வளவு இழுக்கும் என்று என்னிடம் கேட்காதீர்கள். மறுப்புக் கடிதம் வந்தால் காரணம் என்ன என்று மட்டும் முதலில் பாருங்கள். 'பதிவேடு இல்லை' சான்று சரியில்லை என்று இருந்தால், வக்கீலிடம் போகும் முன் அதை மாற்றி வாங்கப் பாருங்கள், செலவு குறைவு.