பாம்பன் காற்றில் பழைய கேசட்டுகள்: நான்கு மழைக்காலம் ஓடிய டிரை கேபினெட்

பழைய பாம்பன் ரயில் பாலத்தின் தூக்கை ஆட்கள் கையால் இயக்கித் திறக்கும் காட்சியை இனிப் படம்பிடிக்க முடியாது. 2022 டிசம்பரில் அதில் ரயில் நின்றது. 2025 ஏப்ரலில் புதிய பாலம் திறந்தாயிற்று. ஆவணப்படக்காரர்கள் தேடி வரும் அந்தக் காட்சி, மண்டபம், ராமேஸ்வரம் கல்யாண வீடியோக்காரர்களின் வி.எச்.எஸ்., மினி டி.வி. (MiniDV) கேசட்டுகளில் இன்னும் கிடக்கிறது. அவற்றை வைக்க, உள்ளே ஈரப்பதத்தைக் குறைத்து வைக்கும் மின் அலமாரியான டிரை கேபினெட், 80 லிட்டரில் ஒன்று போதுமா? போதும், அதன் கதவில் உள்ள ஈரப்பத மீட்டரைச் சரிபார்த்தால்.

ஒரு தனி ஈரப்பத மீட்டர் வாங்குங்கள். பாட்டில் மூடியில் சமையல் உப்பைச் சில சொட்டுத் தண்ணீர் விட்டுக் கரையாமல் குழைத்து, மீட்டரோடு ஜிப் கவரில் ஓர் இரவு அடைத்து வையுங்கள். 75 சதவீதம் காட்ட வேண்டும். அப்படிச் சோதித்த மீட்டரை உள்ளே வைத்தபோது, கதவில் 40 என்று வந்த நேரம் உள்ளே 47 இருந்தது. அதனால் 33-இல் வைத்தே ஓட்டுகிறோம்.

அந்த 75-தான் இந்தக் கரையின் முக்கியமான எண். கடற்காற்றின் உப்பு எல்லா உலோகத்திலும் படியும். ஈரப்பதம் 75-ஐத் தாண்டினால், ஐப்பசியில் உப்பு ஜாடி கசிவதைப் போல, அந்தப் படிவு காற்றின் ஈரத்தை இழுத்துக் கசியும். வி.சி.ஆரின் ஸ்க்ரூவும் இணைப்பு முனைகளும் துருப்பிடிப்பது இதனால்தான். ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் உப்பைக் கரைக்காது. மின்சாரத்தைத் துண்டித்து, உடற்பகுதியை டிஸ்டில்டு வாட்டரில் நனைத்துப் பிழிந்த துணியால் துடைத்த பிறகே ஆல்கஹால். நாடாவைப் படிக்கும் சுழல் ஹெட்டுக்கு ஆல்கஹால் மட்டும். பஞ்சுக் குச்சி வேண்டாம், நூல் சிக்கும். சுழலும் திசையில் துடைக்க வேண்டும், மேலும் கீழுமாக அல்ல.

மூன்றாம் வருடம் கதவு ரப்பர் இறுகிவிட்டது. ஒரு தாளை வைத்துக் கதவைச் சாத்தி இழுங்கள். சுலபமாக வந்தால் ரப்பரை மாற்றும் நேரம். நீண்ட மின்வெட்டுக்கு ஆரஞ்சு சிலிகா ஜெல் 200 கிராம் உள்ளே இருக்கட்டும். பச்சையானால் 120 டிகிரி செல்சியஸ் ஓவனில் இரண்டு மணி நேரம் காய வையுங்கள்.

நாடாவின் ஓரத்தில் வெள்ளைப் புள்ளி தெரிந்தால் அது பூஞ்சை. அந்தக் கேசட்டை வி.சி.ஆரில் போட்டால் ஹெட்டில் ஒட்டி அடுத்தடுத்த கேசட்டுகளுக்கும் பரவும். தனிக் கவரில் சிலிகா ஜெல்லோடு ஒதுக்குங்கள்.

மினி டி.வி. கேசட்டை ஃபயர்வயர் கேபிள் வழியாக அப்படியே கணினியில் இறக்குங்கள். ஒரு மணி நேரம் சுமார் 13 ஜி.பி. வி.எச்.எஸ்ஸுக்கு டைம் பேஸ் கரெக்டர் (ஆடும் படத்தை நேராக்கும் கருவி) இல்லாவிட்டால் படத்தின் மேல்பகுதி வளையும். மூலக் கோப்பை டீஇன்டர்லேஸ் (ஒன்றுவிட்டு ஒன்றாக வரும் வரிகளை முழு ஃபிரேமாக மாற்றுவது) செய்ய வேண்டாம். ஒரு பிரதி மதுரையில் இருக்கட்டும். புயல் வந்தால் கரையில் உள்ளவை எல்லாம் ஒன்றாகப் போகும்.

கேமரா காட்டும் தேதியை நம்பாதீர்கள், பலர் கடிகாரமே வைக்கவில்லை. ஃபிரேமில் சாலைப் பாலம் முழுதாக நின்றால் 1988-க்குப் பிந்தையது. தண்டவாளம் மீட்டர் கேஜ் என்றால் 2007 அகலப்பாதை மாற்றத்துக்கு முந்தையது. இரண்டையும் கேசட் அட்டையிலேயே பென்சிலால் எழுதி வையுங்கள்.