கோஸ்டா ரிகாவில் எதைத் தேடுவது: செம்பழுப்புவால் ரீங்காரச்சிட்டா, நீள அலகு ஹெர்மிட்டா?

கோஸ்டா ரிகாவின் கரீபியன் தாழ்நிலத்துக்குப் போகிறவர்களிடம் கையில் இருப்பது பெரும்பாலும் ஓரிரு நாள்தான். செம்பழுப்புவால், நீள அலகு ஹெர்மிட் இரண்டுமே ரீங்காரச்சிட்டு (ஹம்மிங்பேர்ட்) வகைகள்தான். இரண்டில் எதற்கு நேரம் ஒதுக்குவது?

இடம்: செம்பழுப்புவாலுக்கு வெளிச்சம் பிடிக்கும். காட்டோரம், காபித் தோட்டம், விடுதி வாசல் என எங்கும் கண்ணில் படும். ஹெர்மிட் காட்டின் நிழலடர்ந்த கீழ்த்தட்டை விட்டு அதிகம் வெளியே வராது.

தோற்றம்: முன்னது சுமார் 5 கிராம், பச்சை மார்பு, நுனி கறுத்த சிவப்பு அலகு. பின்னது சுமார் 6 கிராம். பழுப்பு உடல், வளைந்த நீள அலகு, வெள்ளை நுனியுள்ள நீண்ட நடுவால்.

சாப்பாடு: முன்னது ஒரு பூஞ்செடியை வளைத்துப் போட்டுக்கொண்டு வருகிறவரையெல்லாம் விரட்டும், சரியான சண்டைக்கோழி. ஹெர்மிட் பால்காரர் மாதிரி, வழக்கமான தடத்தில் ஹெலிகோனியா பூக்களைச் சுற்றிவரும்.

ஆனால் ஹெர்மிட்டும் சாது அல்ல. இணை தேடும் ஆண்கள் புதர்களுக்குள் ஓரிடத்தில் கூடி, ஆளுக்கொரு குச்சியில் உட்கார்ந்து, வாலை ஆட்டியபடி ஒரே கீச்சொலியை மணிக்கணக்காக எழுப்பும். வயதுவந்த ஆணின் அலகு நுனி ஊசிபோலக் கூர்ந்திருக்கும். எதிரியின் தொண்டையில் குத்தத்தான் அது. லா செல்வா ஆய்வு நிலையத்தில் கண்ட இந்தச் சங்கதி 2015-க்கு முன் யாருக்கும் பெரிதாகத் தெரியாது.

கூடு: முன்னது கிளையில் சிறு கிண்ணம். பின்னது பனைவகை இலை நுனியின் அடியில், சிலந்தி நூலால் ஒட்டியது, மழை படாது.

படம் எடுக்க, குழந்தைகளோடு போக, செம்பழுப்புவால் போதும். நடத்தையைப் பார்க்க ஆசை, பொறுமையும் உண்டு என்றால் ஹெர்மிட். உள்ளூர் வழிகாட்டியோடு விடியலிலேயே போய்விடுங்கள்.