நொயோரி ஊக்கியும் போகாத பழுப்பும்: நெடுநாள் பாவித்த அனுபவம்

எங்கள் ஆய்வுகூடத்தில் நொயோரி ஊக்கி என்றால், ஜப்பானிய இரசாயனவியலாளர் நொயோரியின் குழு உருவாக்கிய, ருத்தீனிய உலோகத்தோடு பாரா-சைமீன் வளையமும் டோசில்-டிபென் என்ற அமைனும் சேர்ந்த அந்தச் செம்மஞ்சள் தூள்தான். கீற்றோனிலிருந்து ஒற்றைக் கை அற்ககோல் (இடக்கையும் வலக்கையும்போல ஒன்றுக்கொன்று ஆடிப்பிம்பமான இரண்டு வடிவங்களில் ஒன்று மட்டும்) எடுப்பவர்களுக்கு அதை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. சில வருடங்களாக அதைத்தான் பாவிக்கிறேன். போன கிழமை மட்டக்களப்பிலிருந்து கூடப் படித்த நண்பன் தொலைபேசி எடுத்து, “மச்சான், நீ வச்சிருக்கிற அந்த ஊக்கி காசுக்குப் பெறுமதியோ? நானும் வாங்கட்டோ?” என்று கேட்டான். அவனுக்கு அப்போது சொன்னது பாதிப் பதில். இது மீதியும் சேர்ந்தது.

இதை நான் வாங்கியதற்குக் காரணம் ஒன்றே ஒன்று. ஐதரசன் சிலிண்டர் வேண்டியதில்லை. யாழ்ப்பாணத்தில் சிலிண்டர் வைத்து வேலை செய்தவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவைப்படாது. கொழும்பிலிருந்து கிட்டத்தட்ட 400 கிலோமீற்றர் லொறியில் வர வேண்டும், வெறும் சிலிண்டர் திரும்பப் போக வேண்டும், இடையில் யாராவது ரெகுலேட்டரின் நூலைக் கெடுத்துவிட்டால் அந்த மாதமே போச்சு. சிலிண்டர் வந்துவிட்டாலும் ருத்தீனியம்-பைனாப் என்ற முந்திய ஊக்கியை வைத்து பீற்றா-கீற்றோ எஸ்தர்களை ஐதரசனேற்ற 1987இல் நொயோரி குழு பாவித்தது ஏறக்குறைய 100 வளிமண்டல அமுக்கம். அதைத் தாங்கும் உருக்குக் கலம் எங்களிடம் இல்லை. இந்தத் தூளுக்கோ ஐதரசனைக் கொடுப்பது போமிக்கமிலம். ஒரு போத்தல் அமிலம், ஒரு போத்தல் ட்ரைஎதில் அமைன், அவ்வளவும்தான்.

அப்புறம், வாங்கும்போது நான் எதிர்பார்க்காத ஒன்று. 1996இல் வந்த நொயோரி குழுவின் ஆய்வுக்கட்டுரையில் அசற்றோபீனோன் என்ற எளிய கீற்றோனுக்குக் கொடுத்திருக்கும் நிபந்தனை இது: ஊக்கி ஒரு பங்குக்குக் கீற்றோன் 200 பங்கு, 28 பாகை, 20 மணித்தியாலம். விளைவு முழுமையாக வருகிறது, எதிருரு மிகை, அதாவது ஒரு கை வடிவம் மற்றதைவிட எவ்வளவு கூட என்ற அளவு, 98 சதவீதம். அந்த 28 பாகையைப் பாருங்கள். குளிர் நாட்டு ஆய்வுகூடத்தில் அதற்கு நீர்த்தொட்டியும் வெப்பச்சீராக்கியும் வேண்டும். எங்களுக்கு அது கதவைத் திறந்து வைத்த அறை. மார்கழியில் கொஞ்சம் குறையும், சித்திரையில் கூடும், ஆனால் தாக்கம் கெட்டுப்போகும் அளவுக்கு இல்லை. 2022இல் நாட்டில் மின்வெட்டு ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் வரைக்கும் போன காலத்திலும் இந்தக் குடுவை தன் பாட்டில் வேலை செய்தது. எல்லாம் ஒரே கரைசலில் இருப்பதால் கிளறி நின்றாலும் தாக்கம் நிற்பதில்லை. உள்ளிருந்து எழும்பும் குமிழிகளே கலக்கிவிடும். காலையில் வந்து ஒரு துளியை மென்படை நிறப்பகுப்புத் தகட்டில் ஓட்டிப் பார்த்தால் கீற்றோன் புள்ளியைக் காணோம். அந்த மாதங்களில் ஆய்வுகூடத்தில் நான் நம்பியிருந்த ஒரே சாமான் இதுதான் என்று சொன்னால் மிகையில்லை.

செய்முறையில் கவனம் வேண்டிய இடங்கள் இரண்டு. அமிலத்தையும் அமைனையும் 5க்கு 2 என்ற மூல் விகிதத்தில் கலக்கும்போது கலவை பயங்கரமாகச் சூடாகும், வெண்புகையும் வரும். ரெஜிபோம் பெட்டியில் ஐஸ் நிரப்பி, குடுவையை அதற்குள் கழுத்தளவு இறக்கி, அமைனைத் துளித்துளியாக விட வேண்டும். மின்சாரம் இல்லாத நாளில் மீன் வாடியில் ஐஸ் கட்டி கேட்டு வாங்குவேன். மற்றது, தாக்கம் தொடங்கிய பிறகு குடுவையை இறுக்கி மூடவே கூடாது. காபனீரொட்சைட்டு விடாமல் வரும். நைதரசன் நிரப்பிய பலூன் போட்டால் அது பெருத்துக்கொண்டே போகும், எண்ணெய்க் குமிழியூடாக வெளியே விடுவதுதான் பாதுகாப்பு.

ஐசோபுரோப்பனோலில் கொஞ்சம் காரத்தோடு செய்தால் மலிவு, மணமும் இல்லை என்று சிலர் சொல்வார்கள். உண்மைதான். ஆனால் அந்தத் தாக்கம் மீளும். கீற்றோன் அற்ககோலாகிறது, அற்ககோல் திரும்பக் கீற்றோனாகிறது. அதிக நேரம் விட்டுவைத்தால் எதிருரு மிகை கரைந்துகொண்டே போகும், சரியான நேரத்தில் நிறுத்த ஆள் பக்கத்திலேயே இருக்க வேண்டும். போமிக்கமிலம் கொடுக்கும் ஐதரசனோ காபனீரொட்சைட்டாகி வெளியே போய்விடுவதால் திரும்பி வர வழியில்லை. இரவு விட்டுவிட்டு வீட்டுக்குப் போகிறவர்களுக்கு இதுதான் சரி.

ஒரு பக்கம் அரோமற்றிக்கு வளையம் இல்லாத கீற்றோன்களுக்கு இதை வாங்கவே வேண்டாம். அந்த வளையமும் உலோகத்தின் மேல் இருக்கும் சைமீனும் ஒன்றையொன்று இழுப்பதால்தான் கீற்றோன் ஒரே முகத்தைக் காட்டிக்கொண்டு வருகிறது. இரண்டு பக்கமும் வெறும் அல்கைல் என்றால் தேர்வு போய்விடும்.

இனி அந்தப் பழுப்புக்கு வருகிறேன்.

தாக்கம் முடிந்து, அமிலத்தைக் கழுவி, கரைப்பானை ஆவியாக்கினால் அடியில் கிடப்பது தேத்தண்ணிச் சாயத்தில் ஒரு எண்ணெய். நிறமற்றதாக இருக்க வேண்டிய அற்ககோல் அது. வாழைக்கயர் பட்ட வேட்டி மாதிரி, எத்தனை முறை கழுவினாலும் ஒரு சாயல் நிற்கும். கணக்குப் போட்டால் காரணம் விளங்கும். அசற்றோபீனோன் 12 கிராம், அதாவது 0.1 மூல் எடுத்தால், 200க்கு 1 என்ற விகிதத்தில் ஊக்கி 0.5 மில்லிமூல், ஏறக்குறைய 318 மில்லிகிராம். அதில் ருத்தீனியம் மட்டும் 50 மில்லிகிராம். ஒன்றும் நீக்காமல் விட்டால் விளைபொருளில் 4,000 பிபிஎம்முக்கு (பத்து இலட்சத்தில் 4,000 பங்குக்கு) மேல் உலோகம் இருக்கும். வாயால் உட்கொள்ளும் மருந்தில் ருத்தீனியத்துக்குச் சர்வதேச வழிகாட்டல் கொடுக்கும் எல்லை ஒரு நாளைக்கு 100 மைக்குரோகிராம். தினம் 10 கிராம் மருந்து எடுப்பவருக்கு அது 10 பிபிஎம். 4,000இலிருந்து 10க்கு இறக்க வேண்டும். ஊக்கி தன் வேலையை ஓர் இரவில் முடித்துவிடும். அதை வெளியே அனுப்பும் வேலை எங்கள் தலையில்.

நாங்கள் மருந்து செய்யவில்லை, பிறகேன் இந்தக் கவலை என்று கேட்கலாம். இரண்டு கை வடிவங்களையும் பிரித்துக் காட்டும் கைரல் நிரல் பூட்டிய எச்பிஎல்சி கருவி எங்களுக்குக் கைக்கெட்டும் தூரத்தில் இல்லை, மாதிரி கொழும்புக்குப் போய் வர வேண்டும். அன்றாடம் கையில் இருப்பது, கரைசல் முனைவாக்கிய ஒளியை எவ்வளவு சுழற்றுகிறது என்று அளக்கும் போலாரிமீட்டர்தான், அதுவும் கண்ணால் பார்த்து அரைவட்டங்களைச் சமப்படுத்தும் பழைய வகை. பழுப்புக் கரைசலைக் குழாயில் ஊற்றி வைத்தால் சோடிய விளக்கின் மஞ்சள் ஒளி மங்கிப்போய் இரண்டு அரைவட்டமும் ஒரே இருட்டாகத் தெரியும். எங்கே சமம் என்று கண்ணால் பிடிக்க முடியாது. கரைசலை ஐதாக்கினால் வெளிச்சம் வரும், ஆனால் சுழற்சி அளக்க முடியாத அளவுக்குச் சிறுத்துவிடும். இதைவிட மோசம், அந்தப் பழுப்போடு ஊக்கியின் டிபென்னும் கலந்திருக்கும். அதுவும் கைரல் (ஒற்றைக் கை) பொருள், அதுவும் ஒளியைச் சுழற்றும். அளந்தது அற்ககோலையா, ஊக்கியின் மிச்சத்தையா என்ற சந்தேகம் ஒவ்வொரு அளவீட்டிலும் வரும். 98 சதவீதம் தரும் ஊக்கியை வைத்துக்கொண்டு அந்த 98ஐக் கண்ணால் காண முடியாமல் இருப்பது எவ்வளவு எரிச்சல் என்று பாவித்தவர்களுக்குத்தான் தெரியும்.

நீக்கும் வழிகள் எல்லாவற்றையும் செய்து பார்த்தாயிற்று. சிலிக்கா பாதியைப் பிடிக்கும். சிஸ்டீன் கரைத்த நீரில் குலுக்கினால் இன்னும் கொஞ்சம் போகும், ஆனால் இரண்டு படையும் பிரியாமல் பால்போல நிற்கும். தயோல் ஒட்டிய சிலிக்கா வடிவாக வேலை செய்கிறது, ஆனால் அதையும் வெளிநாட்டிலிருந்துதான் எடுப்பிக்க வேண்டும், விலையைப் பார்த்தால் ஊக்கியே பரவாயில்லை என்று இருக்கும். எனக்குப் பிடித்தது சிரட்டைக்கரியில் செய்த ஏவிய காபன். உலகம் முழுக்க இலங்கையிலிருந்து போகிற சாமான் அது, இங்கே தட்டுப்பாடில்லை. எதைல் அசற்றேற்றில் கரைத்து, கரியைப் போட்டு, மெல்லச் சூடாக்கி, சீலைற்று என்ற வடிகட்டும் தூளின் மேல் வடித்தால் தேத்தண்ணி நிறம் இளமஞ்சளாக இறங்கும். அந்த வடிதிரவம் துளித்துளியாகத் தெளிந்து விழுவதைப் பார்க்க ஆசையாக இருக்கும். ஆனால் கரி உலோகத்தை மட்டும் பிடிப்பதில்லை, விளைபொருளிலும் ஒரு பங்கை எடுத்துக்கொண்டுதான் விடும்.

அற்ககோல் சின்ன மூலக்கூறு என்றால் வெற்றிடத்தில் காய்ச்சி வடித்தால் முடிந்தது, ருத்தீனியம் அடியில் தங்கிவிடும். இப்போது என் மேசையில் இருப்பது பிரிடீன் வளையம் உள்ள திண்மம். அதைக் காய்ச்சி வடிக்க முடியாது, வளையத்தில் இருக்கும் நைதரசன் உலோகத்தைப் பிடித்துக்கொண்டு விடவும் மாட்டேன் என்கிறது.

நியாயமாகப் பேச வேண்டும் என்றால், இது உலோக ஊக்கி என்ற இனத்தின் குற்றமில்லை. அதே நொயோரியின் குழு 1998இல் காட்டிய இன்னொரு ருத்தீனிய ஊக்கியில், பொஸ்பீனும் டைஅமைனும் சேர்ந்ததில், 601 கிராம் அசற்றோபீனோனுக்கு வெறும் 2.2 மில்லிகிராம் ஊக்கி போதுமானதாக இருந்தது. ஒரு ஊக்கி மூலக்கூறுக்கு 24 இலட்சம் கீற்றோன். எதிருரு மிகை 80தான், ஆனால் அந்த அளவில் எஞ்சும் உலோகம் 1 பிபிஎம்முக்கும் கீழே. பழுப்பு எங்கே வரப்போகிறது? களைகொல்லியான மெற்றோலகுளோர் செய்யும் தொழிற்சாலையிலும் இதே கதைதான், அங்கே இரிடியத்தோடு ஜோசிபொஸ் என்ற பொஸ்பீன். அமெரிக்காவின் மொன்சாண்டோ நிறுவனத்தில் நோல்ஸ் என்ற இரசாயனவியலாளர் பார்க்கின்சன் நோய்க்கான எல்-டோப்பா மருந்தைச் செய்தபோது இன்னும் அழகு. ரோடியம் ஊக்கி கரைசலில் நிற்க, விளைபொருள் பளிங்காக வெளியே விழுந்துவிடும், வடித்து எடுத்தால் சரி. எங்கள் வேலிகளில் படரும் பூனைக்காலியின் விதை அதே எல்-டோப்பாவைச் சத்தமில்லாமல் செய்துகொண்டிருக்கிறது, அது வேறு கதை. நோல்ஸுக்கும் நொயோரிக்கும் 2001இல் நோபல் பரிசு கிடைத்தது இந்த வேலைகளுக்குத்தான், அதில் ஒரு சொட்டுக் குறையும் நான் சொல்ல மாட்டேன்.

ஆனால் அந்த 24 இலட்சத்துக்கு 45 வளிமண்டல அமுக்கத்தில் ஐதரசன் வேண்டும். அதாவது சிலிண்டர். சிலிண்டர் வேண்டாம் என்று ஓடிவந்து பிடித்த ஊக்கிக்கு 200க்கு 1 என்று அள்ளிப் போட வேண்டியிருக்கிறது, அள்ளிப் போட்டதெல்லாம் பழுப்பாகத் திரும்பி வருகிறது. இந்த இரண்டும் ஒரே கணக்கின் இரண்டு பக்கம் என்பதை வாங்கும்போது எந்த விற்பனைக் கையேடும் சொல்லவில்லை.

விலையைப் பற்றி நீட்டத் தேவையில்லை. 2021 மார்ச்சில் ரோடியம் ஒரு ட்ரோய் அவுன்ஸ் 29,000 டொலருக்கு மேல் போனது, அடுத்த வருடம் எங்கள் ரூபாயும் விழுந்தது. ரோடியம் ஊக்கி வாங்கும் எண்ணமே அத்தோடு போய்விட்டது. ருத்தீனியம் அதைவிடப் பல மடங்கு மலிவு, இன்றும்.

உலோகமே வேண்டாம் என்பவர்களுக்கு ஒரு வழியும் உண்டு. ஹைதராபாத்தில் ஒரு குழு 2002இல் துண்டாக்கிய கரட்டைக் கீற்றோனோடு நீரில் போட்டு நல்ல எதிருரு மிகை எடுத்தது. எங்கள் செம்மண் கரட்டில் மாணவர்களுக்குச் செய்து காட்டியிருக்கிறேன், திருநெல்வேலிச் சந்தைக் கரட், கழுவினால் போதும். பழுப்பு இல்லை, உலோகம் இல்லை. ஆனால் நீர் லீற்றர் கணக்கில், பொருள் மில்லிகிராம் கணக்கில். வகுப்புக்கு அருமை, ஆராய்ச்சிக்குப் போதாது.

ஆக, மின்வெட்டிலும் நிற்காத, சிலிண்டர் கேட்காத, அறை வெப்பத்திலேயே 98 தரும் ஊக்கி. இதைவிட யாழ்ப்பாணத்துக்குப் பொருந்திய ஒன்றை நான் பாவித்ததில்லை. இருந்தும் நண்பனுக்கு என் பதில்: வாங்காதே. உன் கீற்றோனில் நைதரசன் வளையம் இருக்கிறது என்று சொன்னாய், நான் இப்போது படும் பாட்டை நீயும் படுவாய். அந்தக் காசை ஒரு சின்ன அமுக்கக் கலத்துக்குப் போடு. சிலிண்டரைக் கொழும்பிலிருந்து எடுப்பிக்கும் செலவில் பாதியை நான் தருகிறேன், இரண்டு பேரும் மாறி மாறிப் பாவிக்கலாம். அதற்கு முன் ஒரு முறை பார்க்க வேண்டும் என்றால் என்னிடம் ஊக்கியின் எஸ்,எஸ் என்ற கை வடிவம் ஆகன் வாயுவில் மூடி வைத்தது இருக்கிறது. தபாலில் அனுப்ப மாட்டேன், வரும்போது எடுத்துக்கொண்டு போ. சிரட்டைக்கரியும் ஒரு பையில் கட்டித் தருகிறேன், அது உனக்கு நிச்சயம் தேவைப்படும்.