டிஜியாத்ரா ரிவ்யூ: கியூ குறையுது, ஆனா நம்ம ஊர் இனிஷியல் தான் இடிக்குது

டொமஸ்டிக் ஃப்ளைட்டுக்கு கேட்ல நின்னு ஐடி காட்டுற வேலைய ஃபோனுக்கும் மூஞ்சிக்கும் மாத்தி விட்ட ஆப் தான் டிஜியாத்ரா. 2022 டிசம்பர் 1ம் தேதி டெல்லி, பெங்களூரு, வாரணாசின்னு மூணு ஏர்போர்ட்ல ஆரம்பிச்சாங்க, சென்னைக்கும் கோயம்புத்தூருக்கும் 2024ல தான் வந்துச்சு. சென்னை பெங்களூரு அடிக்கடி போய்ட்டு வர்றவன்ங்கிற முறைல சொல்றேன், தனியா, தோள்ல ஒரே ஒரு பேக்கோட, காலங்காத்தால ஃப்ளைட் புடிக்கிற ஆளுன்னா கண்ண மூடிட்டு போடுங்க (கேமரா முன்னாடி மட்டும் தொறந்து வைங்க). குடும்பத்தோட போறவங்க முழுசா படிச்சிட்டு முடிவு பண்ணுங்க.

போடுறது கஷ்டம் இல்ல. டிஜிலாக்கர் (அரசாங்கத்தோட டிஜிட்டல் ஆவண ஆப்) வழியா ஆதார எடுத்துக்கும், ஒரு செல்ஃபி, அவ்ளோ தான், அப்புறம் ஒவ்வொரு தடவையும் வெப் செக்கின் முடிச்சு போர்டிங் பாஸ ஆப்ல ஏத்தி ஏர்போர்ட்டுக்கு ஷேர் பண்ணணும். இத வீட்லயே முடிச்சிடுங்க, ஏர்போர்ட் வாசல்ல நின்னு நெட்டுக்காக ஃபோன தூக்கி தூக்கி காட்டிட்டு இருக்குறவங்கள டெய்லி பாக்கலாம். ஏற்கனவே பழைய ஆப் வச்சிருந்தவங்களுக்கு ஒரு விஷயம், 2024ல அத அழிச்சிட்டு புதுசா வேற ஆப் இறக்க சொன்னாங்க, இன்னும் பழசயே ஃபோன்ல வச்சிருந்தா அது வேஸ்ட்.

வாசல்ல போர்டிங் பாஸ் ஸ்கேன், கேமராவ ஒரு பார்வை, கதவு தொறக்கும். செக்யூரிட்டிக்கு முன்னாடி இன்னொரு கேட் அதே மாதிரி. ஆனா அதுக்கப்புறம் பேக் ஸ்கேனிங்கும் உடம்பு தடவி பாக்குறதும் எல்லாருக்கும் ஒண்ணு தான், அங்க நிக்கிற கியூவுக்கு இந்த ஆப்னால ஒரு பிரயோஜனமும் இல்ல, அத எதிர்பாத்து லேட்டா கிளம்பாதீங்க.

இப்ப மெயின் மேட்டர். நமக்கு குடும்பப் பேர்னு ஒண்ணு கிடையாது, அப்பா பேரோட மொத எழுத்து தான் இனிஷியல். டிக்கெட் போடுற சைட்ல ஃபர்ஸ்ட் நேம் லாஸ்ட் நேம்னு ரெண்டு கட்டம் இருக்கும், ரெண்டயும் நிரப்பலன்னா அடுத்த பக்கமே போகாது. ஆதார்ல "முருகன் கா"ன்னு இருக்கும், பான் கார்டுல அப்பா பேர் முழுசா விரிஞ்சு "காளியப்பன் முருகன்"னு இருக்கும், பாஸ்போர்ட்ல இன்னொரு மாதிரி, டிராவல் ஏஜென்ட் அவசரத்துல இதுல எதையோ ஒண்ண பாத்து டிக்கெட் போட்டிருப்பாரு. கேட்ல மனுஷன் நின்னா டிக்கெட்டயும் கார்டயும் மூஞ்சியயும் மாத்தி மாத்தி பாத்துட்டு, இனிஷியல் விரிஞ்சிருக்கு, ஆள் அதே ஆள் தான்னு புரிஞ்சிக்கிட்டு விட்ருவாரு. மெஷினுக்கு காளியப்பனும் தெரியாது கானாவும் தெரியாது, பேர் ரொம்ப மாறிருந்தா போர்டிங் பாஸ் ஏத்தும்போதே ஒத்துக்காது. அதனால டிக்கெட் போடும்போதே ஆதார கைல வச்சிக்கிட்டு அதுல இருக்குற எழுத்த அப்படியே அடிங்க. இந்த விஷயத்துல ஆப் செஞ்சவங்க தமிழ்நாட்டு பேர கொஞ்சம் கூட யோசிக்கலன்னு தான் எனக்கு தோணுது.

வயசானவங்கள கூட்டிட்டு போறீங்கன்னா ஆப்ப விட்டுட்டு கார்ட குடுக்குறது தான் பெஸ்ட். ஆதாரோட எந்த நம்பர் இணைச்சோம்னே அவங்களுக்கு ஞாபகம் இருக்காது, ஓடிபி யாரோட பழைய ஃபோனுக்கோ போய் நிக்கும். விமானப் பாதுகாப்பு ஆணையம் பிசிஏஎஸ் போட்ட லிஸ்ட் நெறைய பேர் நினைக்கிறத விட பெருசு, பாஸ்போர்ட், வோட்டர் ஐடி, ஆதார் இல்லன்னா எம்ஆதார் (ஆதாரோட ஃபோன் ஆப்), பான், லைசென்ஸ், கவர்மென்ட் வேலைல இருக்குறவங்க ஐடி, ஃபோட்டோ ஒட்டின பென்ஷன் கார்டு, மாற்றுத்திறனாளி அட்டை, இதெல்லாம் ஓகே. ரேஷன் கார்டு அதுல இல்ல. எங்க அத்தை ஸ்மார்ட் ரேஷன் கார்ட நீட்டினாங்க, "இது ஆகாதும்மா, வேற ஏதாச்சும் இருக்கா"ன்னு கேட்டாரு வாசல்ல நின்னவரு, அத்தை அசராம மஞ்சப்பைய துழாவி நேஷனலைஸ்டு பேங்க் பாஸ்புக்க எடுத்தாங்க, ஃபோட்டோ இருந்துச்சு, உள்ள விட்டாரு. அதுவும் லிஸ்ட்ல இருக்குன்னு எனக்கு அது வரைக்கும் யாருமே சொன்னதில்ல.

ஜெராக்ஸ் செல்லாது, ஃபோன் கேலரில இருக்குற ஆதார் ஃபோட்டோவும் செல்லாது. எம்ஆதார் ஆப்பயே தொறந்து காட்டணும். அப்பா அம்மா கூட வர்ற சின்னப் புள்ளைங்களுக்கு தனி ஐடி தேவையில்ல, ஆனா ரெண்டு வயசுக்குள்ள கைக்குழந்தைன்னு டிக்கெட் போட்டிருந்தா ஏர்லைன் வயசுக்கு ப்ரூஃப் கேக்கும், பிறப்புச் சான்றிதழ பைல போட்டுக்கோங்க.

மூஞ்சி டேட்டா பத்தி பயப்படுறவங்களுக்கு, ஐடி நம்ம ஃபோன்லயே தான் இருக்கும், ஏர்போர்ட்டுக்கு போறது ஃப்ளைட் கிளம்பி 24 மணி நேரத்துல அழிஞ்சிடும்னு சொல்றாங்க. இத நடத்துறது நேரடியா அரசாங்கம் இல்ல, ஒரு தனி கம்பெனி, அதுல அரசாங்கத்தோட ஏர்போர்ட்ஸ் அத்தாரிட்டிக்கு 26 சதவீத பங்கு, மீதி பெங்களூரு, டெல்லி, ஹைதராபாத், மும்பை, கொச்சி ஏர்போர்ட் கம்பெனிகளுக்கு. பாஸ்வேர்டு லீக் ஆனா மாத்திக்கலாம், மூஞ்சிய என்ன பண்றது? நான் யூஸ் பண்றேன், ஆனா வேணாம்னு சொல்ற என் தம்பியோட சண்டை போட மாட்டேன், கட்டாயம் இல்லன்னு அவங்களே சொல்றாங்க, யாராச்சும் வாசல்ல "வாங்க சார் ஒரு ஃபோட்டோ"ன்னு இழுத்தா வேணாம்னு சொல்லிட்டு கார்ட காட்டிட்டு போலாம்.

அஞ்சுக்கு மூணரை. ஒண்ணு இனிஷியலுக்காக கொறச்சேன், அரை எதுக்குன்னா எல்லா ஏர்போர்ட்லயும் இது இல்ல, திரும்பி வர்ற ஊர்ல இருக்கான்னு கிளம்புறதுக்கு முன்னாடியே பாத்துக்கோங்க, பர்ஸ்ல ஒரு ஒரிஜினல் கார்டும் கிடக்கட்டும்.